மா ஒட்டு கட்டறது எப்படி: கத்தி அப்பறம், மொதல்ல குச்சி

அஞ்சு வருசம் தண்ணி ஊத்தி வளத்த மாங்கன்னு மொத மொத காச்சப்பதான் தெரிஞ்சுது அது இமாம் பசந்து இல்ல, கிளிமூக்குன்னு. குடுத்த நர்சரிக்காரரு அவ்ளோ உறுதியா சொல்லித்தான் குடுத்தாரு, நானும் எலையக் கசக்கி மோந்து பாத்துட்டு பெரிய விவரம் தெரிஞ்சவனாட்டம் தலையாட்டி வாங்கிட்டு வந்தேன். கிளிமூக்கு மேல எனக்குக் கோவம் ஒண்ணும் இல்லீங்க, பச்சையா கீறி உப்பும் மொளகாப்பொடியும் தடவித் திங்க அதைய விட்டா வேற காய் ஏது, ஆனா அஞ்சு வருசம் ஒரு பழத்த நெனச்சுக் காத்துக் கெடந்துட்டு வேற ஒண்ணு தொங்குனா மனசு கேக்குமா. அன்னைக்கு முடிவு பண்ணுனதுதான், இனி நமக்கு வேணுங்கற மரத்த நாமளே கட்டிக்கறதுன்னு.

இன்னொரு காரணமும் இருக்குது. ஆனைமலைப் பக்கம் எங்க அமிச்சி, அதாவது அம்மாவப் பெத்தவங்க, தோட்டத்துல கெணத்து மேட்டுல ஒரு மாமரம். ரகம் என்னன்னு யாருக்கும் தெரியாது, அமிச்சி அத சக்கரக்குட்டின்னுதான் சொல்லும். கைக்குள்ள அடங்கற பழம், நாரு இருக்கும், ஆனா அந்த வாசம் கடையில வாங்கற எந்தப் பழத்துலயும் நான் பாத்ததில்ல. மரத்துல பாதிக்கு மேல புல்லுருவி புடிச்சு வருசத்துக்கு ஒரு கெளை பட்டுப் போயிட்டு இருந்துது. "கொட்டைய எடுத்து நட்டுட்டாப் போச்சு, இதுக்கு என்னத்துக்கு இத்தன யோசனை"ன்னு மாமா சொன்னாரு. அங்கதான் வில்லங்கமே.

நம்மூர்ல இருக்கற மா ரகம் பெரும்பாலும் ஒத்தக் கரு ரகம். ஒரு கொட்டையில ஒரு மொளைதான் வரும், அந்த மொளை பூவுல மகரந்தம் சேந்து உண்டான புள்ளை. ஆத்தா சக்கரக்குட்டின்னு நமக்குத் தெரியும், அப்பன் வேலிக்கு அக்கட்ட நிக்கற நீலமா செந்தூரமான்னு பூவுல உக்காந்த ஈக்கும் தேனீக்குந்தான் தெரியும். அதனால கொட்டை போட்டா மரம் வரும், நல்ல மரமாவே கூட வரும், அதே பழம் வரும்னு சொல்ல முடியாது, போதாக்கொறைக்கு காப்புக்கு வர ஏழெட்டு வருசம் ஆகும். ஒட்டு கட்டுனா அந்தத் தாய் மரத்துக் கெளையேதான் வேற ஒரு வேர் மேல நின்னு வளருது, பழமும் அச்சு அசல் அதேதான், மூணு நாலு வருசத்துல காய் பாத்துரலாம். ஒரு கொட்டையில நாலஞ்சு மொளை வர்ற ரகமும் இருக்குதுங்க, கேரளாப் பக்கத்து ஒளூர், சந்திரக்காரன் எல்லாம் அந்த வகை, அதுல வர்ற கன்னு பெரும்பாலும் தாயையே உரிச்சு வெச்சாப்ல இருக்கும். வெள்ளைக்கொழும்பானும் அந்த வகைதான், அத அடியில வெச்சு அல்போன்சாவக் கட்டுனா மரம் குட்டையா நிக்கும்னு பாத்திருக்காங்க, கெடச்சா விடாதீங்க.

சரி, வேலைக்கு வருவோம். மொதல்ல அடிச்செடி, அதாவது வேரோட அடியில நின்னு ஒட்டத் தாங்கற கன்னு. வேளாண்மைப் பல்கலைக்கழகத்துக்காரங்க வேர்ச்செடின்னு எழுதுவாங்க, நர்சரியில ரூட் ஸ்டாக்னு சொல்லுவாங்க, எல்லாம் ஒண்ணுதான். நாட்டு மாங்கா, புளிப்பு மாங்கா, ஊறுகாய் மாங்கா, எதோட கொட்டையா இருந்தாலும் சரி, மரம் நல்ல தெம்பா இருந்தாப் போதும். வைகாசி ஆனியில பழம் தின்னு போட்ட கொட்டைய அந்த வாரமே ஊனிருங்க. மாங்கொட்டை அவரை வெதையாட்டம் சாம்பல் போட்டு டப்பாவுல எடுத்து வெக்கற சாமான் இல்ல, ஒரு மாசம் காஞ்சுதுன்னா உசுரு போயிரும். சதையெல்லாம் கழுவி நெழல்ல ரெண்டு நாள் ஆத்திட்டு, ஓட்ட ஓரத்துல மெதுவா நெம்பித் தொறந்து உள்ள இருக்கற பருப்ப மட்டும் எடுத்து நட்டா சீக்கிரம் மொளைக்குது, தண்டும் கோணாம நேரா வருது. தொறந்தா இன்னொரு லாபம், உள்ள வண்டு இருந்தா அப்பவே தெரிஞ்சுரும். ஒரு அடி ஒசரக் கவர்ல செம்மண்ணு, மணலு, மக்குன தொழு எரு மூணும் சமமாப் போட்டுக்கலாம். பொள்ளாச்சிப் பக்கம் தேங்கா நாரு தூள் சும்மா கெடைக்குதேன்னு பச்சையா அள்ளிப் போட்டுறாதீங்க, அதுல உப்பும் தொவர்ப்பும் இருக்குது, கழுவி மக்க வெச்சுத்தான் போடணும். நான் போட்டு பன்னெண்டு கன்னு எலை ஓரம் கருகிப் போச்சு.

கொட்டை மொளைச்சு ரெண்டு வாரத்துல, எலை செம்புக் கலர்ல மொழுமொழுன்னு இருக்கறப்பவே கட்டற மொறையும் இருக்குது, கல் ஒட்டுன்னு பேரு. கொங்கணத்துப் பக்கம் மழையும் ஈரமுமா இருக்கற ஊர்ல அத ஆயிரக்கணக்குல கட்டுவாங்க. நம்மூருக் காத்துக்கு அது கொஞ்சம் கஷ்டம், பஞ்சு மாதிரி தண்டு, வதங்கிரும். வீட்டுல கத்துக்கறவங்களுக்கு நான் சொல்றது இளந்தண்டு ஒட்டுதான், சாஃப்ட்வுட் கிராஃப்டிங். அடிச்செடி பென்சில் கனம் வரட்டும், ஆறு மாசமோ ஒரு வருசமோ ஆகட்டும், அது புதுக் குருத்து விட்டு எலை செம்பு நெறத்துல இருக்கறப்ப அந்த எளந் தண்டுல கட்டணும். கொட்டை போட்டுக் காத்திருக்கப் பொறுமை இல்லாதவங்க நர்சரியில நாட்டுக் கன்னே வாங்கிக்கலாம், ஒட்டுக் கன்னோட பாத்தா வெலை கம்மிதான்.

எப்பக் கட்டறது? பொதுவா ஆடி ஆவணின்னு சொல்லுவாங்க, காத்துல ஈரம் இருக்கற காலம். அதைய அப்படியே நம்பி நான் மொத வருசம் ஆடி பதினெட்டுக்கு மக்யா நாள் உக்காந்து பன்னெண்டு கன்னு கட்டுனேன். ஆனைமலையில மழை தூறிட்டு இருந்துது, ஆனா நான் இருக்கறது உடுமலை தாண்டி. பாலக்காட்டுக் கணவாய் வழியா வர்ற காத்து மழைய மேக்கயே எறக்கிட்டு நம்ம பக்கம் வெறும் காத்தாத்தான் வரும், உடுமலை பல்லடம் ரோட்டுல அத்தன காத்தாடி எதுக்கு நட்டு வெச்சிருக்கறாங்க. ஆடிக் காத்துல அம்மியே பறக்குமாம், ஒரு சாண் மாங்குச்சி என்ன பண்ணும். பத்தே நாள், பன்னெண்டும் சருகு. கையி சரியில்ல, கத்தி சரியில்லன்னு அந்த வருசம் பூராம் ரெண்டு கத்தி மாத்துனேன், ஆனா தப்பு அங்க இல்லவே இல்ல. பொள்ளாச்சி, வால்பாறை அடிவாரம், தொண்டாமுத்தூர்ப் பக்கம் இருக்கறவங்க ஆடியிலயே கட்டிக்கலாம். தாராபுரம், காங்கயம், பல்லடம் இந்தப் பக்கம் காத்து அடங்கற ஆவணிக் கடைசி, பொரட்டாசிதான் எனக்கு ஒத்து வந்துது. அதுவும் சாளைச் செவுத்து ஓரமா, நெழல் வலைக்கு அடியில, மூணு பக்கமும் பழைய சாக்கு கட்டி மறைச்சு வெச்சுத்தான்.

இப்ப குச்சி. முழுப் பதிவுல இந்த ஒரு பத்திய மட்டும் படிச்சுட்டுப் போனாக் கூடப் போதுங்க. தாய் மரத்துல இருந்து எடுக்கற குச்சியத்தான் சயான்னு சொல்றது. மூணு நாலு மாசத்துக்கு முந்தி விட்ட துளிர், பச்சை மாறிக் கொஞ்சம் சாம்பல் ஓடற நெறம், பென்சில் கனம், வெயில் படற கெளையோட நுனி, இந்த வருசம் அந்த நுனி பூத்திருக்கக் கூடாது. இத்தனையும் பாத்து எடுத்தாலும் வெட்டுன உடனே கொண்டு போயிக் கட்டுனா பாதிக்குப் பாதி போயிரும். ஏன்னா மாங்குச்சி தூங்கிட்டு இருக்குது. எழுப்பித்தான் எடுக்கணும். எப்படின்னா, வெட்டறதுக்கு ஏழு நாள்ல இருந்து பத்து நாள் முன்னாடி மரத்துல இருக்கறப்பவே அந்தக் குச்சியோட எலைய எல்லாம் கத்திரிக்கோல்ல நறுக்கிரணும், எலைக் காம்பு மட்டும் ஒரு அர இஞ்சு நிக்கட்டும். எலை போயிருச்சேன்னு மரம் அந்த நுனிக்கு சத்த அனுப்பும், நுனி மொட்டு உப்ப ஆரம்பிக்கும். ஒரு வாரம் கழிச்சு போயி அந்தக் காம்ப வெரல்ல லேசாத் தட்டுனீங்கன்னா பொலபொலன்னு தானா விழுகும். அதுதான் அடையாளம். நுனி மொட்டு கொழந்தை சுண்டுவெரலு நுனியாட்டம் உருண்டு பளபளன்னு இருக்கும், பிரிஞ்சிருக்கக் கூடாது. பிரிஞ்சு செகப்பா துளிர் எட்டிப் பாத்துருச்சுன்னா லேட்டு, அது வதங்கிரும், வேற குச்சி பாருங்க.

நானு மொத வருசம் இது எதையும் பண்ணல. ரெண்டாவது வருசம் அமிச்சிகிட்ட போன்ல சொல்லி, "சிவப்பு நூலு கட்டியிருக்கற குச்சியில மட்டும் எலைய நறுக்கி உடு அமிச்சி"ன்னேன். அது பக்கத்துத் தோட்டத்துப் பையனப் புடிச்சு ஏணி போட்டு நறுக்கி விட்டுட்டு, "ஏங் கண்ணு, மரத்துக்கு மொட்டை போட்டு எந்தக் கோயலுக்கு நேந்திருக்கற"ன்னு கேட்டுது. அந்த வருசம் இருவதுக்கு ஏழு புடிச்சுது. மூணாவது வருசம் காத்தும் பாத்து, குச்சியும் பாத்துக் கட்டுனது இருவதுக்கு பதினாறு. வெட்டு மட்டும் மூணு வருசமும் ஏறக்கொறைய அதே வெட்டுத்தான்.

வெட்டுன குச்சி அஞ்சு இஞ்சு ஆறு இஞ்சு இருந்தாப் போதும். வெள்ளன வெயிலுக்கு முந்தி வெட்டுங்க. ஈரத் துணியில இல்லாட்டி நனச்சுப் பிழிஞ்ச பேப்பர்ல சுத்தி, பாலிதீன் கவர்ல போட்டுக் கட்டி எடுத்துட்டு வாங்க. தண்ணி சொட்டச் சொட்ட வெக்காதீங்க, அழுகும். அன்னைக்கே கட்டறது நல்லது, முடியலன்னா ஃபிரிட்ஜுல காய்கறி வெக்கற டப்பாவுல ரெண்டு மூணு நாள் தாங்கும். வீட்டுல சொல்லிட்டு வைங்க, ஒரு தடவ எங்கூட்டு அம்மிணி கறிவேப்பிலக் குச்சியாக்கும்னு எடுத்து வெளிய போட்டுருச்சு.

சாமான் பெருசா ஒண்ணும் வேண்டாம். ஒட்டுக் கத்தி இருந்தா நல்லது, இல்லாட்டி ஸ்டேஷனரிக் கடையில விக்கற பேப்பர் கட்டர், புது பிளேடு. ஒவ்வொரு செடிக்கும் நடுவுல சானிடைசர் தொட்டுத் துடைச்சுருங்க, கொரோனா காலத்துல வாங்குனது எல்லாத்து வீட்லயும் மிச்சம் கெடக்கும். கட்டறதுக்கு கிராஃப்டிங் டேப்னு வழுக்கற மாதிரி ஒண்ணு விக்கறாங்க, இழுத்தா நீளும், அது சொகம். இல்லன்னா மெல்லிசு பாலிதீன் கவர ரெண்டு சென்டிமீட்டர் அகலத்துக்கு நீளமா கிழிச்சு வெச்சுக்கலாம். பால் கவர் ஆகாது, கனம், இழுத்துக் கட்டுனா தண்டு முறியும். மேல தொப்பி போட சிப்பப் ஐஸ் கவர், அந்தப் பத்து இஞ்சு நீள ஒல்லிக் கவர். அப்பறம் தேங்கா எண்ணெ. மாம்பால் முந்திரிப் பாலுக்குப் பங்காளி, ரெண்டும் ஒரே குடும்பம், சில பேருக்குத் தோல்ல பட்டா கொப்பளிச்சுரும், அதனால ஆரம்பிக்கறதுக்கு முந்தியே மொழங்கை வரைக்கும் எண்ணெ தடவிக்கங்க, கண்ணத் தேய்க்காதீங்க.

வெட்டு இப்படி. அடிச்செடிய தரையில இருந்து ஒரு முக்கா அடி ஒசரத்துல, அந்தச் செம்புக் கலர் எளந்தண்டு இருக்கற எடத்துல பட்டுனு ஒரே வெட்டா தலைய எடுத்துருங்க. கீழ நாலு எலையாச்சும் நிக்கட்டும், செடி மூச்சு விட அதுதான் கதி. வெட்டுன ஒடனே பால் குமுழியிட்டு வரும், அரை நிமிசம் விட்டு சுத்தமான துணியில ஒத்தி எடுங்க. இப்ப வெட்டுன மொகத்துக்கு நட்டநடுவுல பிளேட வெச்சு நேர் கீழ ஒண்ணேகால் இஞ்சு, ஒண்ணர இஞ்சு பிளந்துக்கங்க. பிளேட இறுக்கி அமுக்காதீங்க, லேசா முன்ன பின்ன ஆட்டுனாலே எறங்கும், அமுக்குனா திடீர்னு கீழ வரைக்கும் பொளந்துக்கிட்டுப் போயிரும், கட்ட வெரலும் போயிரும்.

குச்சியோட அடிய ஆப்பு மாதிரி செதுக்கணும். ரெண்டு பக்கமும் அதே ஒண்ணர இஞ்சு நீளத்துக்கு, ஒரு பக்கத்துக்கு ஒரே இழுப்பு. பென்சில் சீவறாப்ல கொத்திக் கொத்திச் சீவுனா மேடு பள்ளமாயிரும், அந்த பள்ளத்துல காத்து நிக்கும், காத்து நிக்கற எடம் கறுத்துரும். வெட்டுன மொகத்த வெளிச்சத்துல திருப்பிப் பாருங்க. வெளிய பட்டை, உள்ள வெள்ளையா கட்டை, ரெண்டுக்கும் நடுவுல ஈரமா மினுக்கற ஒரு மெல்லிசு பச்சைக் கோடு. அதுதான் கேம்பியம். உசுரு அந்தக் கோட்டுலதான் ஓடுது, குச்சியோட கோடும் அடிச்செடியோட கோடும் ஒண்ண ஒண்ணு தொட்டாத்தான் ரெண்டும் செல்லு விட்டு இணையும். குச்சியும் அடியும் ஒரே கனமா இருந்தா ரெண்டு பக்கமும் தானா பொருந்திரும். குச்சி ஒல்லின்னா நடுவுல வெக்காதீங்க, பாக்க அழகா இருக்கும், ஆனா எந்தப் பக்கமும் தொடாது. ஒரு ஓரமா தள்ளி ஒரு பக்கத்துக் கோடாச்சும் நூல் புடிச்சாப்ல சேர வைங்க. செதுக்குன எடத்த வெரல்ல தொடக் கூடாது, ஊதக் கூடாது, கீழ வெக்கக் கூடாது, செதுக்குன கையோட சொருகணும்.

கட்டு கீழருந்து மேல. பிளவுக்கு அரை இஞ்சு கீழ ஆரம்பிச்சு டேப்ப இழுத்து இழுத்து, ஒண்ணு மேல பாதி ஒண்ணு ஏறறாப்ல சுத்திட்டு மேல வாங்க, பிளவு முழுக்க மூடி குச்சி மேல ஒரு சுத்து ஏறணும், அப்பத்தான் தண்ணி உள்ள போகாது. புடிச்சு ஆட்டிப் பாத்தா குச்சி அசையவே கூடாது. முடிஞ்சதும் சிப்பப் கவர உள்ள ரெண்டு சொட்டுத் தண்ணி தெளிச்சுத் தலைகீழா குச்சி மேல மாட்டி, கட்டுக்குக் கீழ நூல் போட்டுக் கட்டிருங்க. நுனி மொட்டுல கவர் ஒட்டாம கொஞ்சம் எடம் இருக்கட்டும். மக்யா நாள் காத்தால பாத்தா கவருக்குள்ள பொடிப்பொடியா வேர்த்திருக்கும். வேர்த்தா சந்தோசப்படுங்க. அந்த வேர்வைதான் குச்சிக்கு இப்போதைக்குக் கஞ்சி, அடியில இருந்து இன்னும் தண்ணி ஏறல பாருங்க.

அப்பறம் பதினஞ்சு இருவது நாள் கையக் கட்டிட்டு இருக்கணும், இது ரொம்பச் செரமம். எட்டாவது நாள் ஒருத்தர் கவரக் கழட்டி "புடிச்சிருச்சா"ன்னு ஆட்டிப் பாத்துட்டு மறுபடி மாட்டுனதா சொன்னாரு, அது எப்படிங்க புடிக்கும். மண்ணுல மட்டும் தண்ணி, ஒட்டு மேல படாம. குச்சி பச்சையா இருந்து மொட்டு நீண்டா வேலை நடக்குதுன்னு அர்த்தம். குச்சி கறுத்துக் கீழ எறங்குனா போச்சு, ஆனா அடிச்செடிக்கு ஒண்ணும் ஆகாது, கீழ இருந்து புதுசா துளிர் விடும், அதுல மறுபடி கட்டலாம். அடிச்செடியில கட்டுக்குக் கீழ வர்ற துளிர மட்டும் வாரம் ஒருக்கா கிள்ளிட்டே இருங்க, இல்லாட்டி சத்து பூராம் அங்க போயிரும். கவருக்குள்ள ரெண்டு எலை செகப்பா விரிஞ்சு கவர முட்டறப்ப, ஒரே அடியா உருவாதீங்க. மொத நாள் நுனியில கத்திரிச்சு ஓட்டை போட்டு, மூணு நாள் விட்டு, ஒரு பொழுதோட எடுத்துருங்க. டேப்பு ரெண்டு மூணு மாசம் இருக்கட்டும், அப்பறம் மறக்காம அறுத்து எடுத்துருங்க. மறந்தா தண்டு தடிச்சு டேப்பு கழுத்த நெறிச்சாப்ல உள்ள போயி, காத்துக்குப் பட்டுனு அங்கயே முறியும்.

ஒருத்தரு ஆப்பிளும் இப்படிக் கட்டலாமான்னு கேட்டாரு. வெட்டு இதேதான், ஆப்பும் பிளவும் நெறைய மரத்துக்குப் பொது, ஆனா காலமும் குச்சியும் நேர் எதிரு. ஆப்பிள் குளிர் காலத்துல எலை உதுத்துட்டுத் தூங்கற மரம், அங்க இமாச்சல்ல தூங்கற குச்சிய வெட்டி ஈரம் காயாம எடுத்து வெச்சு, குளிர் முடிஞ்சு வேர் முழிக்கறப்ப மாசி பங்குனி வாக்குல கட்டுவாங்க. எழுப்பித்தான் எடுக்கணும்னு நான் மேல சொன்னது மாவுக்கு, ஆப்பிளுக்கு முழிச்ச குச்சி ஆகாது. ரெண்டு பக்கமும் நாக்கு மாதிரி கீறி ஒண்ணுக்குள்ள ஒண்ணு கோக்கற வெட்டும் அங்க ஜாஸ்தி. அடிச்செடிக்கு எம் 9, எம்எம் 106னு இங்கிலாந்துல உருவாக்குன ரகம் இருக்குது, மரம் எத்தன ஒசரம் போகும்னு அடிச்செடிதான் முடிவு பண்ணும். ஆனா 7 டிகிரிக்குக் கீழ நூத்துக்கணக்கான மணி நேரம் குளிர் வேணும் அதுக்கு, திருப்பூர்ல எங்க போறது. குளிர் கம்மியாக் கேக்கற ரகமும் இருக்குது, இஸ்ரேலோட அன்னா, இமாச்சல் பிலாஸ்பூர்ல ஹரிமன் சர்மாங்கற விவசாயி கண்டுபுடிச்ச எச்ஆர்எம்என் 99, அது இப்ப நம்மூர் நர்சரிக்கெல்லாம் வந்துருச்சு. ஆசைக்கு ஒண்ணு வைங்க, வேண்டாம்னு சொல்லல. என்னையக் கேட்டா அந்தக் காசுக்கு பத்து நாட்டு மாங்கன்னு வாங்கிக் கட்டிப் பழகுவேன்.

கத்தாழைக்குள்ள மாங்குச்சிய சொருகி வேர் வர வெக்கற வீடியோ பாத்துட்டு வந்து சண்டைக்கு நிக்காதீங்க. அதே மாதிரி மாவுல மாதான் ஒட்டும், வேப்ப மரத்துல மாம்பழம் காய்க்க வெச்சேங்கறதெல்லாம் கதை. சொந்தத்துக்குள்ள வேற மரத்துல ஒட்டறதும் உண்டு, சப்போட்டாவ பாலை மரத்துக் கன்னு மேலதான் கட்டறாங்க, ரெண்டும் ஒரே குடும்பம்ங்கறதால சரியா வருது.

அந்தக் கிளிமூக்கு மரத்த என்ன பண்ணுனேன்னு சொல்லவே இல்லையே. வெட்டிப் போடல. ஆறு வருச வேர வீணாக்க யாருக்கு மனசு வரும். காப்பு முடிஞ்சதும் நாலு கெளையில மூணு கெளைய ஒரு மொழம் விட்டு அறுத்து, அறுத்த மொகத்துல காப்பர் மருந்தக் கொழச்சுப் பூசி விட்டேன், நாலாவது கெளை எலையோட அப்படியே நிக்கட்டும்னு விட்டுட்டேன், அதுதான் மரத்துக்குச் சோறு ஆக்கிப் போடும். அறுத்த கட்டையில கொத்துக் கொத்தா துளிர் வந்துது, ஒரு கட்டைக்கு நல்லா தெடமா மூணு துளிர் வெச்சுட்டு மிச்சத்தக் கிள்ளுனேன். அது பென்சில் கனம் வந்து எளங்குருத்து விடறப்ப, கவர்க் கன்னுல கட்டுன அதே ஆப்புக் கட்டு. கட்டறது என்னமோ சுலபந்தான், ஏணி மேல நின்னுட்டு ஒரு கையில கெளையும் ஒரு கையில பிளேடும் வாயில டேப்புமா நிக்கறதுதான் பாடு, கீழ ஒரு ஆள் இல்லாமப் பண்ணாதீங்க. வேர் பெருசுங்கறதால வளர்த்தி வேகம், ஒரு வருசத்துல ஆள் ஒசரத்துக்குப் போச்சு. இப்ப அதே மரத்துல ஒரு கெளை இமாம் பசந்து, இந்த வாட்டி குச்சிய நானே பழம் தின்னு பாத்த மரத்துல இருந்து எடுத்தேன், ரெண்டு கெளை சக்கரக்குட்டி, ஒரு கெளை பழைய கிளிமூக்கு. இப்படி வெச்சா ஒண்ணு கவனிக்கணும், வேகமா வளர்ற ரகம் மத்தத அமுக்கிரும், வருசம் ஒருக்கா அத மட்டும் அடக்கி வெட்டணும்.

கவர்க் கன்ன நடறதுக்கு ஒட்டுக் கட்டி அஞ்சாறு மாசமாச்சும் ஆகட்டும். மூணடிக்கு மூணடிக்கு மூணடி குழி, மேல்மண்ணும் தொழு எருவும் கலந்து மூடி, ஒட்டுப் போட்ட எடம் மண்ணுக்கு மேல அரை அடியாச்சும் நிக்கணும். இது முக்கியங்க, ஆழமா நட்டு ஒட்டு மண்ணுக்குள்ள போச்சுன்னா அந்த எடம் அழுகிரும். ஒரு குச்சி ஊனி எட்டு வடிவத்துல கயிறு கட்டி விடுங்க, நம்மூருக் காத்துக்கு ரெண்டு வருசம் அது வேணும். கன்னு எவ்வளவு பெருசாகுனாலும் ஒட்டுக்குக் கீழ வர்ற துளிர கிள்ளறது மட்டும் நிக்கவே கூடாது. எங்க பெரியப்பா வீட்டுல ஒரு மல்கோவாக் கன்ன வெச்சுட்டு, "ஜோரா வருதே"ன்னு விட்டுட்டாங்க, வந்தது பூராம் அடிச்செடி, மல்கோவா எப்பவோ செத்து ஒரு காஞ்ச குச்சியா ஓரத்துல நின்னுட்டு இருந்துது.

பூ வேற வந்துரும். குச்சி பெரிய மரத்துது இல்லீங்களா, கட்டுன மறு வருசமே மொழ ஒசரக் கன்னுல தை மாசம் பூ விடும், பாக்க ஆசையா இருக்கும். மொத மூணு வருசத்துக்கு அதக் கிள்ளி எறிஞ்சுருங்க, இல்லாட்டி கன்னு வளர்த்தி நின்னுரும். அமிச்சி மரம் போன ஆடிக் காத்துக்குப் பாதி சாஞ்சு கெணத்துப் பக்கமா விழுந்துருச்சு, மிச்சம் இருக்கற பாதியும் எத்தன நாளைக்கோ. பதினாறு கன்னுல நாலு அங்கயே அதே மேட்டுல வெச்சாச்சு. இந்தத் தையில அதுல ஒண்ணு பூத்துது, நான் கிள்ளப் போனேன், அமிச்சி திண்ணையில உக்காந்துட்டே "கைய எடு"ன்னு ஒரே சத்தம். ஒரு கொத்த மட்டும் விட்டுட்டு வந்திருக்கறேன்.